சொரோயாவின் கடற்கரையும் வீடும்

செவ்வாய், வலென்சியா

ஸ்பெயின் தலைநகர் மத்ரித்தில் இருக்கும் ஓவியர் சொரோயாவின் அருங்காட்சியகத்தை அக்டோபரில் மூடப்போகிறார்கள் என்று செய்தி, விரிவாக்க வேலை. இந்தச் செய்தியை அக்கா எனக்கு அனுப்பியது ஓர் இரவில். மறுநாள் காலையில் டிக்கெட் விலை பார்த்துக்கொண்டிருந்தோம். 2024 செப்டம்பர் தவறினால் அப்புறம் எந்த வருடமோ.

அக்கா பள்ளியில் ஓவிய ஆசிரியை. நான் பார்ப்பதோடு சரி. எங்கள் இருவருக்கும் ஒரு பழைய சண்டை உண்டு. சொரோயாவை அவளுக்கு ரொம்பப் பிடிக்கும். எனக்கு அவர் 'காலண்டர் ஓவியர்'. வெள்ளை உடை, நீலக் கடல், குடை பிடித்த பெண்கள், எல்லோரும் சந்தோஷமாக இருக்கிறார்கள். "நீ அச்சில்தான் பார்த்திருக்கே. நேரில் வந்து பாருடி, அப்புறம் பேசு" என்று அக்கா பல வருடமாகச் சொல்லிக்கொண்டிருந்தாள். சரி, வந்தாயிற்று.

ஹோவாகின் சொரோயா பிறந்தது 1863 பிப்ரவரி 27, இதே ஊரில், பழைய நகரத்தின் மந்தாஸ் தெருவில். சந்தைக்குப் பக்கத்தில் இருக்கும் குறுகலான தெரு. காலையில் அங்கே போனபோது இரண்டு பக்கமும் கடைகள் திறந்துகொண்டிருந்தன. பக்கத்தில் சாந்தா கத்தலீனா தேவாலயம், ஞானஸ்நானம் அங்கேதான். எட்டு முனைக் கோபுரமா, ஆறு முனையா என்று அக்கா அண்ணாந்து எண்ணிக்கொண்டு நடுத்தெருவில் நின்றாள். ஆறு. சைக்கிள்காரர் மணியடித்துத் திட்டிவிட்டுப் போனார்.

1865இல் ஊருக்குள் காலரா. சில நாள் இடைவெளியில் அப்பா, அம்மா இருவரும் போய்விட்டார்கள். பையனுக்கு இரண்டு வயது, தங்கை கோன்ச்சா இன்னும் சின்னக் குழந்தை. அம்மாவின் சகோதரி இசபெல் இருவரையும் எடுத்து வளர்த்தார். அவர் கணவர் பூட்டு வேலை செய்பவர். தொழில் கற்றுக்கொள்ளட்டும் என்று பையனைப் பட்டறையில் விட்டார். படிப்பிலும் பையனுக்கு மனம் போகவில்லை, இரும்பிலும் போகவில்லை, நோட்டெல்லாம் படம். கடைசியில் கைவினைஞர் பள்ளியின் இரவு வகுப்பில் சேர்த்தார்கள். சிற்பி கபூஸ் அங்கே வரைகலை சொல்லிக்கொடுத்தார். பகலில் பட்டறை, இரவில் பென்சில்.

வடக்கு ரயில் நிலையத்தை ஒட்டி ஊரின் காளைச் சண்டை மைதானம் இருக்கிறது. செங்கல் வளைவுகள் அடுக்கடுக்காக. நாங்கள் உள்ளே போகவில்லை, வெளியே ஒரு சுற்று. ஆனால் இந்த இடத்துக்கு ஒரு கதை உண்டு. 1884இல் இருபத்தொரு வயது சொரோயா, 1808இல் நெப்போலியன் படையை மத்ரித் மக்கள் எதிர்த்த சண்டையைப் பெரிய கேன்வாஸில் வரைந்தார். அதை அறைக்குள் வரையப் பிடிக்காமல் இந்த மைதானத்தின் வெட்டவெளி முற்றத்தில் ஆட்களை நிறுத்தி, புகை போடவைத்து, புகைக்குள் வெயில் எப்படி விழுகிறது என்று பார்த்துப் பார்த்து வரைந்திருக்கிறார். தேசியக் கண்காட்சியில் இரண்டாம் பரிசு. இங்கே பேரும் பதக்கமும் வேண்டுமென்றால் செத்தவர்களை வரைய வேண்டும் என்று நண்பரிடம் அவர் சொன்னதாக ஒரு பேச்சு உண்டு. அடுத்து வரைந்த சரித்திரப் படத்துக்கு ரோமில் படிக்க உதவித்தொகையே கிடைத்தது. ஆக, ஆரம்பத்தில் மனிதர் பரிசுக் கணக்குப் போடத் தெரிந்தவர்தான். எனக்கு இது பிடித்திருந்தது.

புதன், வலென்சியா

தூரியா ஆறு இப்போது ஆறு இல்லை. 1957 வெள்ளத்துக்குப் பிறகு ஆற்றை ஊருக்கு வெளியே திருப்பிவிட்டார்கள். பழைய ஆற்றுப் படுகை நீண்ட பூங்காவாகிவிட்டது. பாலத்தைத் தாண்டினால் நுண்கலை அருங்காட்சியகம். கட்டணம் கிடையாது. நீல ஓடு வேய்ந்த கும்மட்டம், உள்ளே நல்ல குளிர்ச்சி. சொரோயாவுக்கென்று தனி இடம் ஒதுக்கியிருக்கிறார்கள். முகங்கள் நிறைய. வேகமாகப் பார்த்துவிட்டு வந்தோம். கடற்கரைக்கு மனம் ஓடிக்கொண்டிருந்தது.

ஒன்று மட்டும் சொல்கிறேன். சொரோயாவுக்குப் பெண் கொடுத்த அந்தோனியோ கார்சியா பெரிஸ், வலென்சியாவில் பெயர்பெற்ற புகைப்படக்காரர். கல்யாணத்துக்கு முன்பே சொரோயா அந்த ஸ்டுடியோவில் வேலை பார்த்தார். அங்கே பழகிய பெண்தான் க்ளோதில்தே, 1888இல் கல்யாணம். வெயில் எந்தப் பக்கத்திலிருந்து வருகிறது, சட்டத்துக்குள் எதை விடுவது எதை வெட்டுவது என்பதெல்லாம் ஸ்டுடியோவில் தினப்படி வேலை. பிற்காலத்துக் கடற்கரைப் படங்களில் அடிவானமே இருக்காது, ஆள் பாதியில் வெட்டுப்படுவார், கீழே மணல் சும்மா கிடக்கும். அது எங்கிருந்து வந்தது என்று தேட வேண்டியதில்லை.

மத்தியானம் ஓர்ச்சாத்தா குடித்தோம். கோரைக் கிழங்கை ஊறவைத்து அரைத்து, சர்க்கரை போட்டுக் குளிரவைத்த பால். நீளமான இனிப்பு ரொட்டியை அதில் தோய்த்துத் தின்ன வேண்டும். அக்காவுக்குப் பிடிக்கவில்லை. எனக்கு இரண்டு டம்ளர்.

வியாழன், கபான்யால், மல்வரோசா

ட்ராமில் ஏறினால் நகரம் தீர்ந்து கபான்யால் வந்துவிடும். ஒரு காலத்தில் மீனவர் குடியிருப்பு. கூரை வீடுகள் தீயில் போய், ஓட்டு வீடுகள் வந்து, சம்பாதித்தவர்கள் வீட்டு முகப்பில் வண்ண ஓடு பதித்தார்கள். பச்சை, மஞ்சள், ஊதா. பக்கத்து வீட்டில் காரை பெயர்ந்து தொங்குகிறது. நீளத் தெருக்கள் எல்லாம் கடலுக்கு இணையாகவே ஓடுகின்றன.

நான் பார்க்க வந்தது ஒரே ஒரு கட்டடம். மாடுகளின் வீடு. 19ஆம் நூற்றாண்டின் கடைசியில் மீனவர் சங்கம் கட்டியது, முகப்பில் ஒரு காளைத் தலை. இங்கே அப்போது இரண்டு படகு சேர்ந்து ஒரே இழுவலையை இழுக்கும் மீன்பிடிப்பு. பாய் விரித்த கனமான மரப் படகுகள், கரையில் துறை கிடையாது. படகு திரும்பி வரும்போது மாடுகளை மார்பளவு தண்ணீருக்குள் இறக்கி, கயிறு பூட்டி, படகை மணலுக்கு இழுப்பார்கள். அந்த மாடுகளைக் கட்டிவைத்த இடம் இது.

சொரோயாவைப் பாரிஸில் பெரிய ஆளாக்கிய படம் இதுதான்: கடலிலிருந்து திரும்பும் படகு, தண்ணீரில் நிற்கும் மாட்டு ஜோடி, மேலே காற்றில் உப்பிய பாய். 1894இல் வரைந்தது, பிரெஞ்சு அரசு வாங்கி, இப்போது பாரிஸின் ஓர்சே அருங்காட்சியகத்தில் இருக்கிறது. 1903இல் அதே விஷயத்தை இன்னும் பெரிதாக, மாலை வெயிலில் வரைந்தார், அது நியூயார்க்கில். அச்சில் பார்த்தபோது எனக்கு அது 'அழகான காட்சி'. மாட்டுக் கொட்டடியின் முன்னால் நின்றபோதுதான் அது ஒரு வேலை, தினம் நடந்த வேலை, கூலிக்கு நடந்த வேலை என்று உறைத்தது. அக்காவிடம் சொன்னேன். "இப்பதான் ஆரம்பிக்கிறே" என்றாள், ரொம்பப் பெருமையாக.

அங்கிருந்து மணலுக்கு நடந்தோம். மல்வரோசா அகலமான கடற்கரை, தட்டையாக, கண்ணுக்கு எட்டியவரை மணல். இது கிழக்கு பார்த்த கரை. இதில் ஒரு விஷயம் இருக்கிறது, நாங்கள் காலையிலும் மாலையிலும் நின்று பார்த்தோம். காலையில் சூரியன் கடல் பக்கம். கடலைப் பார்த்து நின்றால் குளிப்பவர்கள் எல்லோரும் இருட்டு உருவங்கள், ஓரத்தில் மட்டும் வெளிச்சக் கோடு. ஈரத் துணிக்குள் வெயில் புகுந்து துணியே விளக்காக எரிகிறது. ஆறு மணி தாண்டினால் எல்லாம் தலைகீழ். சூரியன் ஊருக்குப் பின்னால் இறங்குகிறது, அலையோரம் நடப்பவர் உடம்பு முழுக்க மஞ்சள் வெயில், நிழல் நீண்டு கடலுக்குள் போகிறது. கடல் நீலம் இன்னும் கெட்டியாகிறது. ஒரே கரை, ஒரே ஆட்கள், இரண்டு வேறு படங்கள். இந்தக் கரையில் ஸ்டாண்டு போட்டு நின்றவருக்குக் கடிகாரமும் திசையும் அத்துப்படியாக இருந்திருக்க வேண்டும். மாலை வெயிலின் அந்தப் பொன் மஞ்சள் எவ்வளவு நேரம் நிற்கிறது என்று பார்த்தோம். அக்கா ஒரு சின்ன வாட்டர்கலர் படத்தில் கடலை முடித்து ஆளுக்கு வரும்போது நிறம் மாறிவிட்டது. அவர் இரண்டு மீட்டர் கேன்வாஸை வைத்துக்கொண்டு இதே வெயிலோடு ஓடியிருக்கிறார். காற்றடித்தால் கேன்வாஸ் பாயாகிவிடும் என்பதால் அதைக் கட்டி நிறுத்த வேண்டும், மேலே வெயில் படாமல் துணிப் பந்தல், சுற்றிலும் வேடிக்கை பார்க்கும் பிள்ளைகள். அப்படி அவர் வேலை செய்யும் புகைப்படங்கள் இருக்கின்றன. கடற்கரையில் கோட்டும் தொப்பியுமாக நிற்கிறார் மனிதர்.

இதே மணலில் நின்று பேச வேண்டிய இன்னொரு படம் இருக்கிறது. பக்கத்தில் சான் ஹுவான் தெ தியோஸ் துறவியர் நடத்திய ஆதரவில்லம். அங்கே இருந்த பிள்ளைகளைக் கடலில் குளிக்க அழைத்துவருவார்கள். 1899 கோடையில் சொரோயா அதைப் பார்த்து, அனுமதி வாங்கி, வரைந்தார். போலியோவில் சூம்பிய கால்கள், ஊன்றுகோல், பார்வை இல்லாத பிள்ளைகள். நடுவில் கறுப்பு அங்கித் துறவி ஒரு பையனைத் தாங்கிப் பிடித்திருக்கிறார். பின்னால் இருக்கும் கடலில் மகிழ்ச்சி துளியும் இல்லை, அடர்ந்த ஊதா நீலம். தலைப்பு 'சோகமான பாரம்பரியச் சொத்து' என்று வரும். பெற்றவர்களின் பாவம் பிள்ளைகள் தலையில் என்று அந்தக் காலத்து ஆட்கள் நினைத்தது தலைப்பிலேயே ஏறிவிட்டது. இதை மட்டும் என்னால் ஏற்க முடியவில்லை. படத்துக்கு 1900 பாரிஸ் உலகக் கண்காட்சியில் உயர்ந்த பரிசு. இப்போது வலென்சியாவிலேயே பான்காஹா அறக்கட்டளையிடம் இருக்கிறது. அதை வரைந்தபோது மிகவும் துன்பப்பட்டதாகவும், தன்னைத் தானே கட்டாயப்படுத்திக்கொண்டு வரைந்ததாகவும், இனி அப்படி ஒரு விஷயத்தைத் தொடப்போவதில்லை என்றும் அவர் பிறகு சொன்னார். தொடவும் இல்லை.

குடையும் வெள்ளை உடையும் நிறைந்த படங்களில் முக்கால்வாசி அதற்குப் பின்னால் வந்தவை. எனக்கு இந்த வரிசை தெரியாமல்தான் இத்தனை நாள் சண்டை போட்டுக்கொண்டிருந்தேன்.

வெள்ளி, ஹாவியா

காலை பஸ் வரவே இல்லை. அடுத்த பஸ்ஸில் இடம் பிடித்து, இரண்டு மணி நேரத்துக்கும் மேல் போய், ஹாவியாவில் இறங்கியபோது மத்தியானம். கோபமெல்லாம் கடலைப் பார்த்ததும் போய்விட்டது.

சொரோயா இங்கே முதலில் வந்தது 1896இல். வந்ததும் மனைவிக்குக் கடிதத்துக்கு மேல் கடிதம். வெளியூரில் இருந்தால் தினமும் எழுதும் பழக்கம் அவருக்குக் கடைசிவரை இருந்தது. 1905இல் குடும்பத்தோடு வந்து கோடை முழுக்கத் தங்கினார். தண்ணீரில் நீந்தும் பிள்ளைகள், வெள்ளைப் படகின் ஓரத்தைப் பிடித்து மிதக்கும் பையன்கள் எல்லாம் அந்தக் கோடையில் வரைந்தவை.

மல்வரோசாவில் ஏன் அதை வரைய முடியாது என்று இங்கே தண்ணீரில் கால் வைத்ததும் தெரிந்துவிடும். அங்கே மணல் அடி. அலை கிளறிக்கொண்டே இருக்கும், தண்ணீர் கலங்கல். இங்கே பாறை. சான் அந்தோனி முனையின் செங்குத்துப் பாறை காற்றைத் தடுக்கிறது. தண்ணீர் அசையாத இடத்தில் அடியில் இருக்கும் கல் வரை தெரிகிறது, அசைந்தால் அதே கல் நூறு துண்டாகிறது. ஒரு சிறுவன் குதித்தான். கழுத்துக்கு மேலே ஒழுங்கான சிறுவன். கழுத்துக்குக் கீழே கால் இரண்டும் எங்கெங்கோ, தோள் பச்சையாக, இடுப்பு நெளிந்து. அக்கா ஒன்றும் சொல்லாமல் போனில் ஹாவியா நீச்சல்காரர்கள் படத்தை எடுத்துக் காட்டினாள். அப்படியே இருந்தது. அவர் கற்பனையாக எதையும் நெளிக்கவில்லை.

வேறு எதுவும் செய்யவில்லை. நான் நீந்தினேன். அக்கா வரைந்தாள், ஒன்றும் சரியாக வரவில்லை என்று கிழித்துப் பையில் போட்டுக்கொண்டாள்.

சனி, ரயில்

அதிவேக ரயில் புறப்படும் நிலையத்தின் பெயரே வலென்சியா ஹோவாகின் சொரோயா. ஓவியர் பெயரில் ரயில் நிலையம் என்பது கேட்க நன்றாக இருக்கிறது. நிலையம் என்னவோ ஒரு பெரிய கொட்டகை. இரண்டு மணி நேரத்தில் மத்ரித். வழியில் பச்சை தீர்ந்து காய்ந்த மஞ்சள் பூமி.

அவர் 1890 வாக்கில் குடும்பத்தோடு மத்ரித்துக்கு வந்துவிட்டார். அதற்கு முன் ரோம், பாரிஸ், கல்யாணமான புதிதில் இத்தாலியில் அசீசி. மத்ரித் வந்ததும் வேலை குவிந்தது. 1906இல் பாரிஸில் ஏறக்குறைய 500 படங்களோடு தனிக் கண்காட்சி. 1908இல் லண்டன், 'இன்று உயிரோடு இருப்பவர்களில் உலகின் மிகப் பெரிய ஓவியர்' என்று விளம்பரம் செய்தார்கள், ஆனாலும் விற்பனை சுமார்தான். லண்டனில் கிடைத்தது வேறொன்று: ஆர்ச்சர் ஹண்டிங்டன் என்ற அமெரிக்கப் பணக்காரர். ஸ்பெயின் மீது பைத்தியமாக இருந்து, நியூயார்க்கில் ஹிஸ்பானிக் சொசைட்டி என்று அருங்காட்சியகம் கட்டியவர். அங்கே 1909 பிப்ரவரியில் 356 படங்கள் காட்சிக்கு. ஒரு மாதத்தில் சுமார் 1,60,000 பேர் வந்தார்கள், குளிரில் வரிசை. பாதிக்கு மேல் விற்றன. அதிபர் டாஃப்ட் வெள்ளை மாளிகையில் உட்கார்ந்து போஸ் கொடுத்தார். அந்தப் பணம் நாளை பார்க்கப்போகும் வீடாகியது.

ஞாயிறு, மத்ரித், சொரோயா வீடு

ஞாயிற்றுக்கிழமை கட்டணமில்லை, அதனால் வாசலில் பெரிய வரிசை. மூடப்போகிறார்கள் என்பதால் ஊரே வந்திருந்தது. மற்ற நாளில் அப்போது 3 யூரோதான், காசு கொடுத்தே வந்திருக்கலாம்.

சேம்பெரி பகுதியில், மார்த்தினெஸ் காம்போஸ் சாலையில், அடுக்குமாடிகளுக்கு நடுவே தோட்டத்தோடு ஒரு வீடு. 1911இல் குடிபுகுந்தார்கள். கதவைத் தாண்டினால் தெருச் சத்தம் அடங்கிவிடுகிறது. மூன்று தோட்டங்கள், மூன்றையும் அவரே திட்டமிட்டார். முதலாவது செவில் அல்காசர் அரண்மனைத் தோட்டத்தைப் பார்த்து, இரண்டாவது கிரனாதாவின் ஹெனரலிஃபே தோட்டத்தைப் பார்த்து, மூன்றாவதில் கொடிப்பந்தலும் குளமும். ஆளுயரத்துக்கு எழும்பும் நீரூற்று எதுவும் கிடையாது, எல்லாம் தரையோடு தரையாகச் சலசலக்கிறது. ஓடு பதித்த பெஞ்சில் கொஞ்ச நேரம் உட்கார்ந்தோம்.

உள்ளே பெரிய ஸ்டுடியோ. சிவப்புச் சுவர், மிக உயரமான கூரை, மேலிருந்து வரும் வெளிச்சம். ஜாடி ஜாடியாகத் தூரிகைகள், ஒரு மூலையில் களைத்தால் சாய்ந்துகொள்ளத் திண்டு போட்ட கட்டில். சுவரில் இடமே விடாமல் படங்கள். ஒரு மனிதர் வெளியே போயிருக்கிறார், வந்துவிடுவார் என்பதுபோல வைத்திருக்கிறார்கள். இந்த மாதிரி நினைவில்லங்களில் எனக்குப் பெரும்பாலும் மூச்சு முட்டும். இங்கே முட்டவில்லை.

'கடலோர நடை' இங்கேதான். 1909 கோடை, அமெரிக்க வெற்றியை முடித்துவிட்டு நேரே மல்வரோசாவுக்கு வந்து வரைந்தது. க்ளோதில்தே குடையோடு, மூத்த மகள் மரியா தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு. காலண்டர் படங்களின் ராணி. வியாழக்கிழமை பார்த்த அதே ஆறு மணி வெயில். அச்சில் வராதது ஒன்று: கிட்டே போனால் வெள்ளை உடையே இல்லை. ஊதா, வெளிர்நீலம், மஞ்சள், ஒரு இடத்தில் பச்சை. தூரிகை நீளமாக இழுத்து, தூக்கி, விட்டுவிட்டுப் போயிருக்கிறது. பின்னால் நகர்ந்தால் உடை, முன்னால் வந்தால் கோடுகள். நான் முன்னும் பின்னும் போய்க்கொண்டே இருந்ததில் காவலர் ஒருமுறை கையை உயர்த்தினார்.

இந்த வெள்ளையை அக்கா எனக்கு வேறொரு படத்தில் சொல்லிக்கொடுத்தாள். 'தாய்' என்ற படம். 1895இல் கடைசி மகள் எலேனா பிறந்த சமயம் தொடங்கியது. பெரிய கட்டில், மெத்தை, தலையணை, சுவர், எல்லாம் வெள்ளை. அதில் இரண்டே இரண்டு தலைகள்: களைத்துப்போன க்ளோதில்தே, எட்டி ஒரு சின்னச் சிவந்த முகம். அவ்வளவுதான் படம். அக்கா பையிலிருந்து ஒரு வெள்ளைத் தாளை எடுத்து என் கண்ணுக்கு முன்னால் பிடித்து, "இப்ப இதையும் படத்தையும் சேர்த்துப் பாரு" என்றாள். பார்த்தேன். தாளுக்குப் பக்கத்தில் அந்தச் சுவர் மங்கிய சாம்பல். போர்வை பசுமஞ்சள். தலையணையின் நிழல் கிட்டத்தட்ட இளநீலம். தாளின் வெள்ளை அந்தப் படத்தில் எங்கேயுமே இல்லை, ஒருவேளை தலையணை விளிம்பில் ஒரு விரல் அகலம் இருக்கலாம். தாளை எடுத்ததும் எல்லாம் மறுபடி வெள்ளையாகிவிட்டது. எங்களுக்குப் பின்னால் நின்ற ஒரு பாட்டியும் தன் கைப்பையிலிருந்து ஒரு தாளை எடுத்துப் பிடித்துப் பார்த்தார்.

'இளஞ்சிவப்பு அங்கி' 1916இல் வரைந்தது, குளித்துவிட்டு வந்த பெண் நாணல் தட்டிக்குள் உடை மாற்றும் காட்சி. தட்டியின் இடுக்கு வழியாக வெயில் பட்டை பட்டையாக உடம்பில் விழுகிறது. ஈரத்துணி எங்கே ஒட்டுகிறது எங்கே விலகுகிறது என்பதை மட்டும் வைத்தே உடம்பைக் கட்டியிருக்கிறார். எனக்கு இந்த வீட்டிலேயே பிடித்தது இதுதான்.

சின்னச் சின்ன அட்டைகளும் இருக்கின்றன. 1911இல் இரண்டாம் முறை அமெரிக்கா போனபோது நியூயார்க் ஹோட்டல் ஜன்னலிலிருந்து தெருவைப் பார்த்து வரைந்தவை. சலவைக்குப் போன சட்டைக்குள் வைத்துக் கொடுக்கும் அட்டைதான் கேன்வாஸ். சும்மா இருக்கவே தெரியாத கை.

அந்த வருடம்தான் ஹண்டிங்டனோடு ஒப்பந்தம். நியூயார்க் கட்டடத்தின் ஓர் அறையைச் சுற்றிலும் ஸ்பெயின். ஹண்டிங்டன் முதலில் சரித்திரம் கேட்டார், சொரோயா மாகாணங்களின் மக்களை வரைகிறேன் என்றார். 14 படங்கள், உயரம் ஏறக்குறைய மூன்றரை மீட்டர், எல்லாம் சேர்த்தால் நீளம் 70 மீட்டர். 1912 முதல் 1919 வரை அதே வேலை. ஸ்டுடியோவில் உட்கார்ந்து செய்திருக்கலாம். அவர் ஊர் ஊராகப் போய், அந்தந்த ஊர் உடையில் ஆட்களை வெட்டவெளியில் நிறுத்தி வரைந்தார். செவில், ரொன்கால், பிளாசென்சியா, எல்ச்சே என்று ஓட்டல் அறைகளிலிருந்து க்ளோதில்தேவுக்குக் கடிதங்கள்: குளிர், மழை, களைப்பு, வீட்டு நினைவு. கடைசிப் படம் போர்த்துகல் எல்லையில் அயமொந்தே, சூரை மீன் பிடித்துக் கரையில் போட்டிருக்கிறார்கள். 1919 ஜூனில் முடிந்தது. பாதி வாழ்க்கை கடற்கரையில் வரைந்தவர் கடைசியில் மறுபடி மீனவர்களிடமே வந்து முடித்திருக்கிறார்.

அடுத்த வருடம், 1920 ஜூன், இந்தத் தோட்டத்தில் எழுத்தாளர் பெரெஸ் தெ அயாலாவின் மனைவியை உட்காரவைத்து வரைந்துகொண்டிருந்தார். நடுவில் பக்கவாதம் வந்து விழுந்தார். எழுந்து மறுபடி தூரிகையை எடுத்திருக்கிறார். சில இழுப்புகளுக்கு மேல் கை கேட்கவில்லை. அந்தப் படம் அப்படியே நின்றுவிட்டது. வயது 57. அதற்குப் பிறகு அவர் வரையவில்லை.

திங்கள், பிராதோ

பிராதோ அருங்காட்சியகம் திங்களும் திறந்திருக்கும். 17ஆம் நூற்றாண்டு ஓவியர் வெலாஸ்கெஸின் அறையைத் தாண்டாமல் யாரும் எங்கும் போக முடியாது, நாங்களும் தாண்டவில்லை. பதினெட்டு வயதில் சொரோயா மத்ரித் வந்து நகலெடுத்துப் படித்தது இவரைத்தான். கிட்டே கோடு, எட்ட உடை என்ற வித்தை யாரிடமிருந்து வந்தது என்று தெரிய, வெலாஸ்கெஸ் வரைந்த இளவரசி மார்கரீத்தாவின் பாவாடையைப் பார்த்தால் போதும்.

19ஆம் நூற்றாண்டு அறைகளில் சொரோயாவின் இரண்டு படங்களுக்காகத்தான் வந்தோம்.

ஒன்று 1894. 'இன்னமும் மீன் விலை அதிகம் என்கிறார்கள்' என்பது தலைப்பு. படகின் அடித்தளத்தில் அடிபட்ட இளம் மீனவன் மயங்கிக் கிடக்கிறான், இரண்டு வயதானவர்கள் தாங்கிக் காயத்துக்குத் துணி வைக்கிறார்கள். கழுத்தில் காப்புப் பதக்கம், அது அவனைக் காக்கவில்லை. பின்னால் அன்று பிடித்த மீன் குவிந்து கிடக்கிறது. வெளிச்சம் மேலே திறப்பிலிருந்து மட்டும் வருகிறது, முதலில் தொடுவது பையனின் வெற்று மார்பை.

மற்றது 1910, மூன்று சிறுவர்கள் அம்மணமாக ஈர மணலில் குப்புறப் படுத்திருக்கிறார்கள். மேலே தண்ணீர் மெல்லிசாக வந்து போகிறது. ஈர முதுகில் வானம் மின்னுகிறது, மணலில் உடம்பின் நிறம் வழிகிறது. கதை கிடையாது. இதை அவரே நாட்டுக்குக் கொடுத்தார்.

நான் அக்காவிடம் முதல் படத்தைக் காட்டி, "இவர்தான் என் ஆள். ஏன் இதை விட்டுட்டு அங்கே போனார்?" என்றேன். அக்கா ரொம்ப நேரம் இரண்டுக்கும் நடுவில் நின்றாள். "விட்டுட்டுப் போகலைடி. அந்த மார்பில விழற வெளிச்சத்தைப் பாரு. அப்பவே அவருக்கு அதுதான் வேணும். அடிபட்டது, மீன், பதக்கம் எல்லாம் பரிசுக்குழுவுக்கு" என்றாள். நான் ஒப்புக்கொள்ளவில்லை. மாட்டுக் கொட்டடியையும் துறவியின் கறுப்பு அங்கியையும் பார்த்துவிட்டு வந்தவள் நான். அவர் அந்தப் பையனைப் பார்க்காமல் அந்த மார்பை வரைந்திருக்க முடியாது. காபிக்கடை வரை சண்டை போனது.

ஆனால் 'காலண்டர்' என்ற சொல்லைத் திரும்பப் பெற்றுக்கொண்டேன். அவர் காலத்திலேயே பிகாசோவும் மற்றவர்களும் வந்து ஓவியத்தைப் புரட்டிப் போட்டுவிட்டார்கள். அதற்குப் பிறகு சொரோயா மேம்போக்கானவர், இனிப்பு அதிகம் என்று ஒதுக்கப்பட்டார். லண்டனில் 1908க்குப் பிறகு அடுத்த பெரிய கண்காட்சி 2019இல்தான் நடந்தது. நூற்றுப்பதினோரு வருடம். இனிப்பு இருக்கிறது, இல்லையென்று சொல்லமாட்டேன். அரச குடும்பப் படங்கள் சிலவற்றில் தாங்க முடியவில்லை. ஆனால் இனிப்பை மட்டும் பார்த்து எழுதியவர்கள் கிட்டே போய்ப் பார்த்தார்களா என்பது என் சந்தேகம்.

செவ்வாய், செர்செதீயா

மலையடிவாரத்துக்குப் புறநகர் ரயில். குவாதராமா மலை, பைன் காடு, காற்றில் பிசின் வாசனை, செப்டம்பரிலேயே ஸ்வெட்டர் தேவைப்பட்டது. மத்ரித்காரர்கள் கோடையில் வெக்கைக்குத் தப்பி வரும் ஊர். பக்கவாதத்துக்குப் பிறகு அவரையும் கோடையில் இங்கே கூட்டிவந்தார்கள். 1923 ஆகஸ்ட் 10, இங்கே இறந்தார். உடலை வலென்சியாவுக்குக் கொண்டுபோய் அடக்கம் செய்தார்கள்.

மேகம் வந்து வெளிச்சம் ஒரே சாம்பலாக இருந்தது. அக்கா படம் எதுவும் வரையவில்லை, சூப் குடித்தோம்.

எனக்கு இந்த ஊரில் உறுத்தியது ஒரு கணக்கு. எட்டு வருடம் உடம்பைக் கொடுத்து வரைந்த அந்த 14 படங்களும் அவர் படுக்கையில் கிடந்த மூன்று வருடமும் மாட்டப்படவில்லை. நியூயார்க்கில் அந்த அறை திறந்தது 1926இல். க்ளோதில்தே அதற்குப் பிறகும் இருந்தார். 1929இல் இறந்தார், வீட்டையும் படங்களையும் உயிலில் அரசுக்கு எழுதிவைத்திருந்தார். 1932இல் அருங்காட்சியகமாகத் திறந்தார்கள். ஞாயிற்றுக்கிழமை நாங்கள் வரிசையில் நின்றது அந்த உயிலால்தான், வருகிற மாதம் மூடப்போவதும் அதே வீட்டைப் பெரிதாக்கத்தான். அந்தப் பெண்மணி எல்லாவற்றையும் பங்கு போட்டு விற்றிருந்தால் இந்தப் பயணமே கிடையாது.